பாட்டும் பாட்டாளியும்

பல்லாவரத்திலோ பம்மலிலோ மே தினக் கொடி ஏறுகிறது. பேச வேண்டியவர் வந்து சேருமுன் மைக் செட்டுக்காரர் பாட்டு வைக்கிறார். உழைக்கிறவனைத் தட்டி எழுப்புகிற பாட்டு. ஏமாறாதே என்று எச்சரிக்கிற பாட்டு. தெருவே நின்று கேட்கிறது. கூட்டத்தில் நிற்கும் ஓர் இளைஞரைக் கேளுங்கள்: "தம்பி, இது யார் பாட்டு?" யோசிக்காமல் பதில் வரும்: "எம்.ஜி.ஆர். பாட்டு!"

கொஞ்சம் விவரம் தெரிந்தவர் "டி.எம். சௌந்தரராஜன் பாட்டு" என்பார். இன்னும் விவரம் தெரிந்தவர் இசையமைப்பாளர் பெயரைச் சொல்வார். பாட்டைக் கட்டியவர் பெயரைச் சொல்லுகிறவர் எத்தனை பேர்? பத்துக்கு ஒருவர் இருந்தால் அதிகம்!

இது சின்ன விஷயம் அல்ல, தோழர்களே. நடிகர் வாயசைத்தார், பாடகர் குரல் கொடுத்தார். இருவருக்கும் உரிய பெருமையை நாம் மறுக்கவில்லை. ஆனால் சொல்லைத் தேடி, நெய்து, நம் கையில் கொடுத்தவன் எங்கே? அவன் பெயர் எப்படி மறைந்தது? யார் மறைத்தார்கள்?

இந்தக் கேள்வியை மற்ற ஊர்க்காரர்களைவிட நாம் நன்றாக உணர முடியும். பல்லாவரத்துக்கு அடுத்த ஊர் குரோம்பேட்டை. அந்தப் பெயர் எப்படி வந்தது? 1912-இல் தொடங்கிய குரோம் லெதர் கம்பெனியின் பெயரால் வந்தது. கம்பெனியின் பெயர் ஊருக்கே பெயராயிற்று; ரயில் நிலையத்தின் பலகையில் ஏறிற்று. அந்தக் கம்பெனிக்குள் சுண்ணாம்புக் குழியில் இறங்கித் தோலைப் புரட்டிய கைகளின் பெயர் எந்தப் பலகையில் இருக்கிறது? நாகல்கேணி டேனரியில் பதப்படும் தோல், செருப்பாகவும் கைப்பையாகவும் உருமாறிக் கடைக்கு வரும்போது, அதன்மீது யார் பெயர் பொறித்திருக்கிறது? செய்தவன் பெயரா? விற்றவன் பெயரா?

செய்தவன் பெயர் மறைந்து விற்றவன் பெயர் நிற்பதுதான் முதலாளித்துவச் சந்தையின் வழக்கம். செருப்புக்கு நடப்பது பாட்டுக்கும் நடக்கிறது. அவ்வளவுதான் வித்தியாசம்!

நாம் சொல்ல வந்த பாட்டாளி, பட்டுக்கோட்டை கல்யாணசுந்தரம்.

1930 ஏப்ரல் 13-ஆம் நாள், தஞ்சை மாவட்டத்தில் பட்டுக்கோட்டைக்குப் பக்கத்திலுள்ள செங்கப்படுத்தான்காடு என்ற சிற்றூரில் பிறந்தார். தந்தை அருணாசலனார், தாய் விசாலாட்சி. உழவர் குடும்பம். பள்ளியில் அவர் உட்கார்ந்த காலம் மிகக் குறைவு. வெயிலில் நின்ற காலம் மிக அதிகம். அவர் பார்த்த தொழில்கள் பதினேழு என்று வாழ்க்கை வரலாறு எழுதியவர்கள் கணக்கிட்டுக் காட்டுகிறார்கள். உழுதார்; மாடு மேய்த்தார்; மாம்பழம் விற்றார்; இட்லி விற்றார்; மீனும் நண்டும் பிடித்தார்; உப்பளத்தில் வேலை செய்தார்; தண்ணீர் வண்டி இழுத்தார்; நாடக மேடையில் வேஷம் கட்டினார். கடைசியாகத்தான் பாட்டு எழுதினார்.

இந்தப் பட்டியலை வேடிக்கையாகப் படித்துவிட்டுப் போகக் கூடாது. வேலை கிடைக்காத மனிதன்தான் பதினேழு வேலை பார்ப்பான். ஒரு தொழில் சோறு போடாததால் அடுத்த தொழிலுக்கு ஓடுகிறான். நம் பகுதிக் கல் குவாரியில் உடைத்து, டேனரியில் தோல் புரட்டி, கட்டட வேலைக்குச் சித்தாளாகப் போய், கடைசியில் வெள்ளிக்கிழமைச் சந்தையில் தரைக்கடை விரித்த எத்தனையோ பேருடைய வாழ்க்கையும் இதே பட்டியல்தானே! அந்தப் பட்டியலிலிருந்து ஒரு கவிஞர் புறப்பட்டார் என்பதுதான் விசேஷம்.

தஞ்சை மண்ணில் அந்நாளில் பண்ணையாள் பட்ட பாடு நாடறியும். சாட்டையடியும் சாணிப்பாலும் கதையல்ல, நடந்த கொடுமை. அதை எதிர்த்துச் செங்கொடியின் கீழ் விவசாயிகள் சங்கம் வளர்ந்தது. அந்தப் போராட்டத்தின் அழுத்தத்தால்தான் 1952-இல் சாகுபடியாளர், பண்ணையாள் பாதுகாப்புச் சட்டம் வந்தது. அந்த இயக்கத்தில் வளர்ந்த பிள்ளை கல்யாணசுந்தரம். கட்சி மேடையில் பாடினார். கட்சிப் பத்திரிகையில் எழுதினார். 'கண்ணின் மணிகள்' நாடகத்துக்குப் பாட்டு எழுதிக் கொடுத்தார். தோழர் ஜீவானந்தம் அவரைத் தட்டிக் கொடுத்தவர்களில் ஒருவர்.

தமிழைக் கற்றுக்கொள்ளப் புதுச்சேரிக்குப் போய்ப் பாவேந்தர் பாரதிதாசனிடம் இருந்தார். அந்தப் புதுச்சேரி, பிரெஞ்சுக்காரன் ஆண்ட புதுச்சேரி. சுதந்திரம், சமத்துவம், சகோதரத்துவம் என்று கட்டடத்தில் எழுதி வைத்துவிட்டு, 1936 ஜூலை 30-ஆம் நாள் உரிமை கேட்ட பஞ்சாலைத் தொழிலாளர் 12 பேரைச் சுட்டுக் கொன்ற ஆட்சி நடந்த ஊர். ஆனால் அதே பிரெஞ்சு நாட்டில்தான் உலகத் தொழிலாளர் அனைவருக்கும் பொதுவான பாட்டும் பிறந்தது. அதைப் பாடிய மனிதரின் கதையை ஒரு நிமிஷம் கேளுங்கள். நம் பட்டுக்கோட்டையாரின் கதை இன்னும் தெளிவாகும்.

அவர் பெயர் யூஜின் பொத்தியே. 1816-இல் பாரிஸில் பிறந்தார். தந்தை பெட்டி செய்து சரக்குக் கட்டும் தொழிலாளி. மகனும் சிறு வயதில் அதே தொழிலுக்குத்தான் போனார். பிறகு துணிக்குச் சித்திரம் வரையும் வேலை செய்தார். 1871-இல் பாரிஸ் தொழிலாளர்கள் தங்கள் கையில் ஆட்சியை எடுத்துப் பாரிஸ் கம்யூனை அமைத்தபோது, மக்கள் அவரைப் பிரதிநிதியாகத் தேர்ந்தெடுத்தார்கள். மார்ச் 18 முதல் மே 28 வரை அந்த ஆட்சி நின்றது. பிறகு இரத்த வெள்ளம்! ஆயிரக்கணக்கில் சுட்டுத் தள்ளினார்கள். தோழர்களின் பிணங்கள் இன்னும் ஆறாத அந்த ஜூன் மாதத்தில், தலைமறைவாக இருந்துகொண்டு பொத்தியே எழுதியதுதான் 'இன்டர்நேஷனல்' என்னும் சர்வதேச கீதம். தோல்வியின் மறுநாள் ஒப்பாரி பாடவில்லை. வெற்றி கீதம் பாடினார்! மரண தண்டனை விதித்தார்கள். இங்கிலாந்துக்கும் அமெரிக்காவுக்கும் ஓடிப் பிழைத்தார். பொது மன்னிப்பு வந்த பிறகு 1880-இல் நாடு திரும்பினார். 1887-இல் வறுமையிலேயே இறந்தார்.

இறக்கும்போது அந்தப் பாட்டுக்கு அதன் மெட்டுக்கூட இல்லை. அடுத்த ஆண்டு 1888-இல், லீல் நகரத்துத் தொழிலாளி பியேர் டெகெய்ட்டர் அதற்கு மெட்டமைத்தார். இங்கேதான் கவனிக்க வேண்டும். முழுப் பெயரைப் போட்டால் முதலாளி வேலையைவிட்டு நீக்கிவிடுவான் என்ற பயத்தில், அச்சிட்ட தாளில் குடும்பப் பெயரை மட்டுமே போட்டார்கள். பாட்டு நாடு நாடாகப் பரவிற்று. பிறகு அவருடைய சொந்தச் சகோதரரே "மெட்டு என்னுடையது" என்று கிளம்பினார். 1914-இல் நீதிமன்றம் பியேருக்கு எதிராகத் தீர்ப்புச் சொல்லிற்று. 1922-இல்தான் மெட்டு அவருடையது என்று தீர்ப்பாயிற்று. உலகமே நின்று பாடுகிற பாட்டு. அதற்கு மெட்டமைத்த தொழிலாளி தன் பெயரை மீட்க 34 ஆண்டு!

1913-இல் லெனின் ஒரு கட்டுரை எழுதினார். பொத்தியே இறந்து 25 ஆண்டு நிறைந்த நினைவுக்காக எழுதினார். எத்தனையோ வேலைக்கு நடுவில் ஒரு பாட்டுக்காரனுக்கு அவர் ஏன் மை செலவழித்தார்? பாட்டின் வழியாகக் கொள்கையைப் பரப்பியவர்களில் அவர் தலைசிறந்தவர் என்று மதித்ததால். பாட்டைப் பாடுகிறவர்கள் பாட்டாளியின் பெயரையும் அறிய வேண்டும் என்று கருதியதால். நாம் செய்ய வேண்டியதும் அதுவே.

பட்டுக்கோட்டையாருக்கு வருவோம். சினிமாவுக்கு அவர் எழுதிய காலம் ஏறத்தாழ ஐந்தே ஆண்டு. 'படித்த பெண்' படத்தில் தொடங்கிற்று. அந்த ஐந்து ஆண்டில் அவர் செய்த வேலை என்ன? அதுவரை அரசவையிலும் நந்தவனத்திலும் உலாவிய சினிமாப் பாட்டை வயலுக்கும் ஆலைக்கும் இழுத்து வந்தார்.

1958-இல் வந்த 'நாடோடி மன்னன்' படத்தில் ஓர் ஆணும் பெண்ணும் கேள்வியும் பதிலுமாகப் பாடும் பாட்டைக் கேட்டிருப்பீர்கள். பாடுபட்டு விளைய வைத்தோம், நமக்கு மிஞ்சியது என்ன என்று அவள் கேட்கிறாள். அதற்கு அவன் சொல்லும் பதில் விதியல்ல, தெய்வமல்ல. பொது நன்மைக்கான சட்டம்! பொருளாதாரப் பாடத்தை ஏற்றப்பாட்டின் நடையில் வைத்துவிட்டார். 1960-இல் வந்த 'இரும்புத்திரை' ஆலைத் தொழிலாளரைப் பற்றிய படம். கூலி கையில் வந்தது, பைக்குப் போவதற்குள் எங்கே போயிற்று என்று தொழிலாளி திகைக்கும் பாட்டு அதில் இருக்கிறது. சம்பள நாளில் கடன்காரன், வாடகைக்காரர், பலசரக்குக் கடைக்காரர் மூவரையும் ஒரே மாலையில் சந்தித்தவனுக்கு அந்தப் பாட்டின் பொருளை யாரும் விளக்க வேண்டியதில்லை.

1961-இல் வந்த 'அரசிளங்குமரி' படத்தில் ஒரு சிறுவனுக்குப் புத்தி சொல்லும் பாட்டு. உடம்பு வளர்ந்தால் போதாது, அறிவும் வளர வேண்டும். மரத்தில் பேய் என்று சொல்லிப் பயமுறுத்துவோரை நம்பாதே என்கிறது. அதோடு நிற்கவில்லை. தனியுடைமையின் கொடுமை தீரப் பாடுபடு என்கிறது! தணிக்கை அதிகாரிகள் கத்தரியோடு உட்கார்ந்திருந்த காலத்தில், ராஜா ராணிக் கதைக்குள், ஒரு குழந்தைப் பாட்டுக்குள் இதை வைத்தவரின் துணிச்சலை என்னென்பது!

சரி, பாட்டுகள் எல்லார் வாயிலும் இருக்கின்றனவே, பிறகென்ன குறை என்று கேட்கலாம். குறை இருக்கிறது. பெயரை மறைப்பவர்கள் பெயரோடு நிற்பதில்லை, பொருளையும் மறைக்கிறார்கள்.

1961-இல் வந்த 'திருடாதே' படப் பாட்டை எடுத்துக்கொள்ளுங்கள். பள்ளி ஆண்டு விழாவில் குழந்தைகள் பாடுகிறார்கள். எந்தப் பகுதியைப் பாடுகிறார்கள்? திருடக் கூடாது என்ற முதல் பகுதியைப் பாடிவிட்டு இறங்கி விடுகிறார்கள். ஆனால் கவிஞர் அங்கே நிறுத்தவில்லை. இருப்பதெல்லாம் எல்லாருக்கும் பொதுவாகிவிட்டால் பதுக்குவதற்கும் திருடுவதற்கும் அவசியமே இராது என்று பின்பகுதியில் சொல்கிறார். திருட்டுக்கு மூலகாரணம் எங்கே இருக்கிறது என்று விரல் நீட்டிக் காட்டுகிறார். முதல் பகுதி மட்டும் இருந்தால் அது ஏழைக் குழந்தைக்கு நீதி போதனை. பின்பகுதியும் சேர்ந்தால் அது பதுக்கல்காரனுக்குக் குற்றப்பத்திரிகை. எதை விட்டுவிடுகிறார்கள் பார்த்தீர்களா?

இன்னொன்று. தொழிலைப் போற்றி 1960-இல் வந்த 'ஆளுக்கொரு வீடு' படத்துக்கு அவர் எழுதிய பாட்டு. அதன் முதல் வரியைப் பட்டறைச் சுவரில் எழுதாத ஊர் உண்டா? ஆயுத பூஜை அன்று முதலாளி அதற்கு மாலையும் போடுகிறார். மறுநாள் மிகை நேர வேலைக்குக் கூலி கேட்டால் அதே வரியைச் சுட்டிக் காட்டுகிறார்! உழைக்கிறவன் தன் உழைப்பின் பெருமையைத் தானே பாடிக்கொள்ள எழுதிய பாட்டு, உழைப்பைச் சுரண்டுகிறவனின் உபதேசமாகிவிட்டது. எழுதியவர் யார், எந்த இயக்கத்திலிருந்து வந்தவர், எதற்காக எழுதினார் என்பது தெரிந்திருந்தால் அந்த மோசடி நடக்குமா? பெயர் தெரிந்தால் வரலாறு தெரியும். வரலாறு தெரிந்தால் பொருள் தெரியும். அதனால்தான் பெயர் முக்கியம் என்கிறோம்.

அவர் கூலியில் எப்படி இருந்தார் என்பதற்கு ஒரு செய்தி சொல்வார்கள். பாட்டுக்குத் தர வேண்டிய பணத்தைத் தராமல் "நாளைக்கு வா" என்று இழுத்தடித்தார் ஒரு படமுதலாளி. கவிஞர் கெஞ்சவில்லை. அவரைக் கேள்வி கேட்டு நான்கு வரி எழுதி மேஜைமேல் வைத்துவிட்டு வந்தார். பணம் தேடிக்கொண்டு வந்தது என்பார்கள். பாக்கிக் கூலிக்காகக் கேட்டில் காத்து நின்ற நம் தோழர்களுக்கு இதன் சுவை தெரியும். அவருக்கு ஒரு பாட்டு போதுமாயிருந்தது. நமக்கு ஒரு சங்கம் வேண்டும்!

1959 அக்டோபர் 8-ஆம் நாள் அவர் மறைந்தார். வயது 29. மனைவி கௌரவாம்பாளையும் ஒரு சிறு குழந்தையையும் விட்டுச் சென்றார். மேலே நாம் சொன்ன படங்களில் 'இரும்புத்திரை', 'ஆளுக்கொரு வீடு', 'அரசிளங்குமரி', 'திருடாதே' நான்கும் அவர் இறந்த பிறகே வெளிவந்தன என்பதைக் கவனியுங்கள். பாட்டு பட்டிதொட்டியெல்லாம் முழங்கியபோது, கேட்டு மகிழ அவர் இல்லை. பொத்தியேக்கு நேர்ந்ததும் அதுதானே!

நியாயத்தையும் சொல்ல வேண்டும். அவருடைய பாட்டின் வலிமையை அறிந்தவர் எம்.ஜி.ஆர். தம் முதலமைச்சர் நாற்காலியின் கால்களில் ஒன்று பட்டுக்கோட்டையாரின் பாட்டு என்று அவரே ஒப்புக்கொண்டதைப் பலரும் எழுதியிருக்கிறார்கள். அவருடைய ஆட்சியில் 1981-இல் கவிஞருக்குப் பாவேந்தர் விருது வழங்கப்பட்டது. 1993-இல் அவருடைய படைப்புகள் நாட்டுடைமையாயின. இவை நல்ல காரியங்கள், வரவேற்கிறோம். ஆனால் நாற்காலியின் கால் என்று சொன்னால் போதுமா? பொது நன்மைக்குச் சட்டம் என்று பாட்டில் கேட்ட உழவனின் கேள்வி தீர்ந்துவிட்டதா? பாட்டுக்கு விருது கொடுப்பது எளிது. பாட்டின்படி நடப்பது கடினம். அந்தக் கடினமான வேலை நம்முடையது.

நம்மவர்களிலேயே சிலர் கேட்பதுண்டு. "பாட்டு எல்லாருக்கும் சொந்தம் என்கிறோம், பொதுவுடைமை பேசுகிறோம், பிறகு தனி மனிதனுடைய பெயர் எதற்கு?" நல்ல கேள்விதான். பதில் சொல்கிறோம். நிலம் உழுகிறவர்களுக்கு என்றால் உழுதவனை மறந்துவிடு என்று பொருளா? பாட்டைப் பொதுவாக்குவது வேறு; பாட்டாளியை அநாமதேயமாக்குவது வேறு. மறைந்த இடத்தில் வேறொருவர் பெயர் வந்து உட்கார்ந்துகொள்கிறதே, அது பொதுவுடைமை அல்ல; அபகரிப்பு!

இன்னும் சிலர் "சினிமாவுக்குப் போனவர்தானே, முதலாளியின் படத்துக்கு எழுதியவர்தானே" என்பார்கள். ஆம், முதலாளியின் படந்தான். முதலாளியின் டேனரியில் நாம் வேலை செய்யவில்லையா? வேலை செய்வதால் நாம் முதலாளியின் ஆளாகிவிட்டோமா? கட்சிக் கூட்டத்துக்கு ஆயிரம் பேர் வந்த காலத்தில் கொட்டகைக்கு லட்சம் பேர் போனார்கள். அந்த லட்சம் பேரிடம் கொள்கையைக் கொண்டு சேர்க்கும் வழியைக் கண்டவரைக் குறை சொல்வதற்கு முன், நாம் எத்தனை பேரிடம் கொண்டு சேர்த்தோம் என்று கணக்குப் பார்த்துக்கொள்வது நல்லது.

பாட்டெழுதுகிறவனின் கூலிக்குச் சட்டமும் தாமதமாகத்தான் கண் திறந்தது. 1957-ஆம் ஆண்டு பதிப்புரிமைச் சட்டத்தில் 2012-இல் திருத்தம் வந்தது. படத்துக்கு வெளியே பாட்டைப் பயன்படுத்தி ஈட்டும் தொகையில் பாடலாசிரியருக்கும் இசையமைப்பாளருக்கும் பங்கு உண்டு. அதை எழுதி வாங்கிக்கொண்டு விரட்ட முடியாது என்று அது சொல்கிறது. கல்யாணசுந்தரம் மறைந்து 53 ஆண்டு கழித்து வந்த நியாயம்! கேட்காமல் எந்த நியாயமும் வந்ததில்லை என்பதற்கு இதுவும் ஒரு சான்று.

ஆகவே, பல்லாவரம் வட்டாரத் தோழர்களுக்கு நாம் சொல்வது இது.

ஒன்று: கூட்டத்தில் பாட்டு வைக்கும்போது ஒலிபெருக்கியில் முதலில் கவிஞரின் பெயரைச் சொல்லுங்கள். "அடுத்து, மக்கள் கவிஞர் பட்டுக்கோட்டை கல்யாணசுந்தரம் எழுதிய பாட்டு" என்று சொல்ல ஒரு காசு செலவில்லை. அவருக்கு மட்டுமல்ல, எந்தப் பாட்டுக்கும் எழுதியவர் பெயரைச் சொல்லுங்கள்.

இரண்டு: முழுப் பாட்டையும் பாடுங்கள். கடைசிச் சரணத்தை விட்டுவிடாதீர்கள். பெரும்பாலும் அங்கேதான் நெருப்பு இருக்கிறது.

மூன்று: ஒலிபெருக்கியை நிறுத்திவிட்டு நாமும் வாய் திறந்து பாடுவோம். டெகெய்ட்டர் மெட்டமைத்தது லீல் நகரத்துத் தொழிலாளர் பாடற்குழுவுக்காக. பாடியவர்கள் ஆலைத் தொழிலாளர்கள். நம் கிளைகளில் பாடத் தெரிந்தவர் இல்லையா? டப்பு அடிக்கத் தெரிந்தவர் இல்லையா? மறைமலை அடிகள் வாழ்ந்த ஊர் இது. பம்மல் சம்பந்த முதலியாரின் பம்மல் பக்கத்தில் இருக்கிறது. இங்கே தமிழுக்குப் பஞ்சமில்லை. நாடகத்துக்கும் பஞ்சம் இருந்ததில்லை. பாட்டுக்குமட்டும் ஏன் பஞ்சம் வர வேண்டும்?

நான்கு: அக்டோபர் 8-ஆம் நாளைப் படிப்பகங்களில் நினைவு நாளாக நடத்துங்கள். பூமாலை போட்டுவிட்டுக் கலையாதீர்கள். அவருடைய பாட்டுத் தொகுப்பை எடுத்து வைத்து ஒரு பாட்டைச் சொல் சொல்லாகப் படியுங்கள். குவாரியில் உடைப்பவரும் டேனரியில் புரட்டுபவரும் தத்தம் அனுபவத்தைச் சொல்லிப் பொருள் கூறட்டும். பண்டிதர் கூறும் உரையைவிட அது சிறந்த உரையாயிருக்கும்.

பதினேழு தொழில் செய்த கை பதினேழாவதாகச் செய்த தொழில் பாட்டு. அதையும் மற்றத் தொழில்களைப் போலவே உழைப்பாகச் செய்தது. அந்த உழைப்பின் பலனை நாம் அனுபவிக்கிறோம். கூலி கொடுக்க இனி வழியில்லை, அவர் இல்லை. பெயரையாவது கொடுப்போம்.

அடுத்த மே தினத்தில் அந்த இளைஞரை மறுபடியும் கேட்போம்: "தம்பி, இது யார் பாட்டு?"

"பட்டுக்கோட்டையார் பாட்டு, நம்ம பாட்டு!" என்று பதில் வர வேண்டும். வரச் செய்வது நம் பொறுப்பு.